புடைவையில் எழுதிய ஓவியம்: ஈனா டி சில்வாவும் பத்திக் கலையும்

க.பொ.த. (சாதாரண தர) மாணவர்களுக்கானது
சித்திரம் – இரசனைப் பகுதி

இப்பாடத்தைக் கற்றதன் பின்னர் உங்களால்,

• பத்திக் செய்முறையைப் படிமுறையாக விளக்க முடியும்.
• ஈனா டி சில்வாவின் கலைப் பணியையும் முக்கிய ஆக்கங்களையும் குறிப்பிட முடியும்.
• புடைவை ஆக்கம் ஒன்றைப் பார்த்துக் காரணங்களுடன் இரசனைக் குறிப்பு எழுத முடியும்.
• கலைக்கும் கைப்பணிக்கும் உள்ள தொடர்பு பற்றி உங்கள் சொந்தக் கருத்தை முன்வைக்க முடியும்.

1. அறிமுகம்

மாணவர்களே, ஓவியம் என்றதும் நம் மனக்கண்ணில் தோன்றுவது கடதாசி, கன்வஸ் அல்லது சுவர் ஆகும். துணி பெரும்பாலும் நினைவுக்கு வருவதில்லை. துணி உடுப்பதற்குரியது, விரிப்பதற்குரியது என்றே எண்ணிப் பழகிவிட்டோம். ஆனால் நமது வாழ்வைச் சற்று நோக்கினால், துணி எப்போதும் கலையின் ஊடகமாக இருந்து வந்துள்ளமை புலப்படும். கோயில் திருவிழாவில் சுவாமிக்கு மேலே பிடிக்கப்படும் மேற்கட்டி, தேரைச் சுற்றித் தொங்கும் தொம்பைகள், கொடித்தம்பத்தில் ஏறும் கொடிச்சீலை, மங்கல நிகழ்வுகளில் பந்தலின் உட்புறம் வெள்ளை கட்டும் வழக்கம் ஆகியவற்றை உதாரணங்களாகக் கூறலாம். பௌத்த விகாரைகளிலும் விதானத் துணிகளும் கொடிகளும் நெடுங்காலமாகப் பயன்பட்டு வந்துள்ளன.

இவ்வாறான மரபின் பின்னணியில், 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இலங்கையில் புடைவையை நவீன கலை ஊடகமாக உயர்த்தியவர்களுள் முதன்மையானவர் ஈனா டி சில்வா (1922 – 2015) ஆவார். அவரது பெயரையும் பிறந்த ஆண்டையும் பாடமாக்கினால் ஒரு புள்ளி கிடைக்கலாம். அவர் எவ்வாறு சிந்தித்தார் என்பதை விளங்கிக்கொண்டால், நீங்கள் முன்பின் பார்த்திராத புடைவை ஆக்கம் ஒன்று வினாத்தாளில் வந்தாலும் துணிந்து எழுதலாம். எனவே முதலில் செய்முறையையும் பின்னர் கலைஞரையும் நோக்குவோம்.

2. பத்திக் என்றால் என்ன?

துணியில் சாயம் ஏறக்கூடாத இடங்களை உருகிய மெழுகினால் மூடி, பின்னர் துணியைச் சாயத்தில் தோய்த்து, இறுதியில் மெழுகை நீக்கி அலங்காரம் பெறும் முறையே பத்திக் எனப்படும். மெழுகு சாயத்தைத் தடுப்பதால் இது சாயத்தடை முறைகளுள் ஒன்றாகும்.

இக்கலை இந்தோனேசியாவின் ஜாவாத் தீவில் மிக உயர்ந்த நிலையை அடைந்தது. இந்தோனேசியப் பத்திக் கலையை யுனெஸ்கோ நிறுவனம் 2009ஆம் ஆண்டில் மனித குலத்தின் அருவ மரபுரிமைகளுள் ஒன்றாகப் பதிவுசெய்தது. ஜாவாவையும் இலங்கையின் கரையோரத்தையும் ஒருங்கே ஆட்சி செய்த ஒல்லாந்தர் மூலமாகவே பத்திக் இங்கு அறிமுகமானது எனப் பொதுவாகக் கூறப்படுகின்றது. எனினும் அது இந்நாட்டில் பரவலான ஒரு கைத்தொழிலாக வளர்ந்தது 1960களுக்குப் பின்னரே ஆகும்.

2.1 தேவையான பொருட்கள்

(அ) துணி – பருத்தி அல்லது பட்டு. பொலியெஸ்டர் போன்ற செயற்கைத் துணிகள் பத்திக் சாயங்களை நன்கு ஏற்பதில்லை.

(ஆ) மெழுகு – பரபின் மெழுகும் தேன்மெழுகும் கலந்தது. பரபின் மெழுகு எளிதில் வெடிக்கும். தேன்மெழுகு நெகிழும் தன்மையுடையது. இரண்டினதும் அளவை மாற்றுவதன் மூலம் வெடிப்பைக் கூட்டவோ குறைக்கவோ முடியும்.

(இ) கருவிகள் – தூரிகை, சிறு கிண்ணமும் மெல்லிய குழாய்மூக்கும் கொண்ட மெழுகுப் பேனை, செப்பினாலான அச்சு.

(ஈ) குளிர் நீரில் ஏறும் சாயம், அதற்குரிய இரசாயனங்கள், கையுறை, துணியை இழுத்துக் கட்டும் மரச்சட்டம்.

2.2 செய்முறைப் படிகள்

படி 1: துணியைக் கழுவி அதிலுள்ள கஞ்சிப் பசையை நீக்கி உலர்த்துதல். பசை இருந்தால் சாயம் சீராக ஏறாது.
படி 2: பென்சிலினால் மெல்லிய கோடுகளாக அலங்காரத்தை வரைதல்.
படி 3: வெள்ளையாகவே இருக்கவேண்டிய இடங்களுக்கு உருகிய மெழுகைப் பூசுதல். மெழுகு துணியின் மறுபக்கத்திற்கும் ஊடுருவியிருத்தல் வேண்டும்.
படி 4: மிகவும் இளமையான நிறச் சாயத்தில் தோய்த்து நிழலில் உலர்த்துதல்.
படி 5: அந்த நிறம் நிலைக்கவேண்டிய இடங்களை மெழுகினால் மூடி, அடுத்த கடும் நிறத்தில் தோய்த்தல். தேவையான அளவுக்கு இதனைத் திரும்பச் செய்தல்.
படி 6: கொதிநீரில் இட்டு மெழுகை நீக்கி, கழுவி, உலர்த்தி, அழுத்துதல்.

சூடான சாயத்தை ஏன் பயன்படுத்துவதில்லை என்று ஒரு கேள்வி எழலாம். சூடு பட்டால் மெழுகு உருகிவிடும், தடை நீங்கிவிடும். இக்காரணத்தை எழுதாமல் ‘குளிர் சாயம் பயன்படுத்தப்படும்’ என்று மட்டும் எழுதும் விடை நிறைவானதன்று.

கவனிக்க: மெழுகை நேரடியாக நெருப்பின் மேல் வைத்து உருக்கக்கூடாது. கொதிநீர்ப் பாத்திரத்தினுள் வைத்த இன்னொரு பாத்திரத்திலேயே உருக்க வேண்டும். மெழுகு தீப்பற்றினால் நீர் ஊற்றாமல் மூடியினால் மூடவேண்டும். செய்முறையின்போது பெரியவர் ஒருவர் உடனிருப்பது அவசியம்.

2.3 வர்ண ஒழுங்கு: பின்னிருந்து சிந்தித்தல்

பத்திக் கலையின் உயிர்நாடி இப்பகுதியே. ஓவியத்தில் ஒரு பூவின் இதழுக்கு மஞ்சள் வேண்டுமாயின் இதழின் மேல் மஞ்சள் பூசுகிறோம். பத்திக்கிலோ எதைக் காப்பாற்ற வேண்டுமோ அதன்மேல் மெழுகு பூசுகிறோம். கை வேலைசெய்யும் இடத்தில் நிறம் ஏறுவதில்லை. கை படாத இடத்திலேயே நிறம் ஏறுகிறது.

உதாரணம்: கறுப்புப் பின்னணியில் ஒரு பூ. பூவின் நடு வெள்ளை, இதழ் மஞ்சள், இதழின் ஓரம் செம்மஞ்சள்.

முதலாவது மெழுகு – நடுப்பகுதிக்கு. பின் மஞ்சள் சாயம். (வெள்ளை காப்பாற்றப்பட்டது.)
இரண்டாவது மெழுகு – இதழ்களுக்கு. பின் சிவப்புச் சாயம். மஞ்சளின் மேல் சிவப்பு ஏறுவதால் செம்மஞ்சள் கிடைக்கும். (மஞ்சள் காப்பாற்றப்பட்டது.)
மூன்றாவது மெழுகு – ஓரங்களுக்கு. பின் கறுப்புச் சாயம். (செம்மஞ்சள் காப்பாற்றப்பட்டது.)
இறுதியில் மெழுகை நீக்குதல்.

துணியின் வெள்ளையையும் சேர்த்து 4 நிறங்கள் தெரிகின்றன. ஆனால் மெழுகு பூசியது 3 தடவை. சாயத்தில் தோய்த்தது 3 தடவை. அதாவது தோய்க்கும் தடவை, தெரியும் நிறங்களின் எண்ணிக்கையிலும் ஒன்று குறைவாகும்.

இன்னொன்றையும் நினைவிற் கொள்ளுங்கள். மஞ்சள் ஏறிய துணியை நீலத்தில் தோய்த்தால் கிடைப்பது நீலமன்று, பச்சையே. ஒரே துணியில் தூய மஞ்சளும் தூய நீலமும் அருகருகே வேண்டுமாயின், நீலத்துக்குரிய இடத்தை மஞ்சள் ஏறாமல் முதலிலேயே மூடி, பின்னர் மெழுகை முழுவதும் நீக்கி மீண்டும் தொடங்கவேண்டும். அல்லது மெழுகுக் கோட்டினால் வேலியிட்டு அவ்விடத்துக்கு மட்டும் தூரிகையால் சாயமிட வேண்டும்.

ஒரு முறை எனது வகுப்பில் கைக்குட்டைத் துணியில் பத்திக் செய்து பார்த்தோம். ஒரு மாணவி அழகாக மயில் வரைந்து, ஆர்வ மிகுதியால் முதலிலேயே கடுநீலத்தில் தோய்த்துவிட்டாள். அதன்பின் மஞ்சளில் எத்தனை தரம் தோய்த்தும் மஞ்சள் தெரியவில்லை. அவள் அழுதேவிட்டாள். ஆனால் அன்றிலிருந்து ‘இளநிறத்திலிருந்து கடுநிறத்துக்கு’ என்ற விதியை அந்த வகுப்பில் எவருக்கும் நான் திரும்பச் சொல்ல வேண்டி வரவில்லை. கடதாசியில் அழித்து எழுதலாம். சாயத்தை அழிக்க முடியாது. ஆகவே பத்திக் கலைஞர் முதல் துளி மெழுகை வைப்பதற்கு முன்னரே கடைசி நிறத்தையும் மனதில் கண்டிருக்க வேண்டும்.

2.4 வெடிப்புக் கோடுகள்

உலர்ந்த மெழுகு மடியும்போது வெடிக்கும். அவ்வெடிப்புகளினூடாகச் சாயம் கசிந்து நரம்பு போன்ற மெல்லிய கோடுகளை உண்டாக்கும். இது பத்திக்கிற்கே உரிய சிறப்பியல்பு. வெடிப்பு எந்த இடத்தில் எவ்வளவு வரும் என்பதைக் கலைஞரால் முழுமையாகக் கட்டுப்படுத்த முடியாது. எனவேதான் ஒரே திட்டப்படத்திலிருந்து செய்த இரு கையாக்கப் பத்திக்குகள் ஒருபோதும் அச்சொட்டாக ஒத்திருப்பதில்லை.

3. ஈனா டி சில்வா – வாழ்க்கைச் சுருக்கம்

ஈனா டி சில்வா 1922ஆம் ஆண்டு பிறந்தார். இவரது குடும்பம் மாத்தளைக்கு அண்மையிலுள்ள அலுவிகாரையைச் சேர்ந்தது. வாய்மொழியாக வழங்கிவந்த பாளித் திரிபிடகம் கி.மு. முதலாம் நூற்றாண்டில் ஏட்டில் எழுதப்பட்ட இடம் அலுவிகாரை என்பதை வரலாற்றுப் பாடத்தில் படித்திருப்பீர்கள். யாழ்ப்பாணத்திலிருந்து ஏ9 வீதியால் கண்டிக்குச் செல்பவர்கள் மாத்தளை நகரை அடைவதற்குச் சற்று முன்னர் இவ்விடத்தைக் கடந்தே செல்வர்.

இவரது தந்தையார் சேர் ரிச்சர்ட் அலுவிகாரை, இலங்கையர்களுள் முதலாவது பொலிஸ் மா அதிபராகப் பதவி வகித்தவர். கணவர் ஒஸ்மண்ட் டி சில்வாவும் பின்னாளில் அதே பதவியை வகித்தார். வசதியான குடும்பத்தில் பிறந்த ஈனா, கலைக்கல்லூரிப் பட்டத்துடன் இத்துறைக்கு வந்தவர் அல்லர். ஏறத்தாழ 40 வயதை எட்டும் காலத்திலேயே, 1960களின் தொடக்கத்தில், பத்திக் துறையில் முழுமையாக ஈடுபட்டார் என்பது குறிப்பிடத்தக்கது.

அவருடன் இணைந்து பணியாற்றியவர்களுள் இருவர் முக்கியமானவர்கள். ஒருவர் அவருடைய மகனும் ஓவியருமான அனில் ஜயசூரிய. மற்றவர் ஓவியரும் சிற்பியுமான லக்கி சேனாநாயக்க (1937 – 2021). இலங்கையின் பறவைகளையும் விலங்குகளையும் தாவரங்களையும் சித்திரித்த 1979ஆம் ஆண்டு நாணயத்தாள் தொடரை வடிவமைத்தவர் இந்த லக்கி சேனாநாயக்கவே.

4. அவரது படைப்பு முறை

ஈனாவின் படைப்பு முறையைப் பின்வரும் நான்கு தலைப்புகளில் நோக்கலாம்.

4.1 மரபிலிருந்து எடுத்தல்

சிங்கள மரபுக் கொடிகள், கண்டிக்கால விகாரை ஓவியங்கள், மரச்செதுக்கல்கள் முதலியவற்றின் அலங்கார உருக்கள் அவரது ஆக்கங்களுக்கு அடிப்படையாயின. சூரியன், சந்திரன், சிங்கம், அன்னம், தாமரை, கொடிக்கோலம் போன்றவை இம்மரபுக்குரியன. ஆனால் அவர் அவற்றை அப்படியே பிரதி பண்ணவில்லை. உருவைப் பெரிதாக்கினார், எளிமையாக்கினார், துணிவான வர்ணங்களை அருகருகே வைத்தார். கண்டிக்கால ஓவியங்களில் தட்டையான நிறப்பரப்பும் தெளிவான எல்லைக்கோடும் உண்டு. பத்திக்கிலும் இவ்விரண்டுமே இயல்பாக அமைகின்றன. ஊடகத்தின் தன்மையும் மரபின் தன்மையும் ஒன்றுக்கொன்று பொருந்தியமையே அவரது வெற்றிக்கு ஒரு காரணம் எனலாம்.

4.2 அளவைப் பெருப்பித்தல்

பத்திக் என்றால் சேலை, சரம், மேசை விரிப்பு என்றிருந்த எண்ணத்தை அவர் மாற்றினார். கட்டடங்களின் கூரைக்கும் மண்டபங்களுக்கும் பொருந்தும் பேரளவு ஆக்கங்களைச் செய்தார்.

4.3 கட்டடக்கலையுடன் இணைதல்

நாட்டின் புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் ஜெப்ரி பாவா (1919 – 2003) இவரது நண்பர். பாவாவின் கட்டடங்களில் ஈனாவின் புடைவைகள் பின்னர் ஒட்டிவைத்த அலங்காரமாக அன்றி, கட்டடத்தின் ஓர் உறுப்பாகவே அமைந்தன.

4.4 கூட்டுப் பணி

பேரளவான பத்திக் ஒன்றைத் தனியொருவர் செய்து முடிக்க இயலாது. வரைபவர், மெழுகு பூசுபவர், சாயமிடுபவர், கழுவுபவர் எனப் பலரது கைகள் அதில் படுகின்றன. இந்தக் கூட்டுப்பணியை ஒழுங்கமைத்தமையும் ஈனாவின் படைப்பாற்றலின் ஒரு பகுதியே. இதுபற்றி 7ஆம் பகுதியில் மேலும் சிந்திப்போம்.

5. முக்கிய ஆக்கங்களும் இடங்களும்

5.1 அல்பிரட் பிளேஸ் இல்லம், கொழும்பு

ஈனாவுக்காக ஜெப்ரி பாவா 1960 – 1962 காலப்பகுதியில் அமைத்த இல்லம் இது. உயர்ந்த சுற்றுமதிலுக்குள், பழைய நாற்சார் வீடுகளைப்போல நடுமுற்றத்தைச் சுற்றி அறைகள் அமைந்தன. யாழ்ப்பாணத்து நாற்சார் வீட்டை அறிந்த மாணவர்களுக்கு இவ்வமைப்பு எளிதில் விளங்கும். ஈனாவின் பத்திக் முயற்சிகள் இந்த வீட்டிலேயே வளர்ந்தன. 2009ஆம் ஆண்டில் இவ்வில்லம் பகுதி பகுதியாகக் கழற்றப்பட்டு, பென்தோட்டைக்கு அண்மையிலுள்ள பாவாவின் லுணுகங்கைத் தோட்டத்தில் மீள அமைக்கப்பட்டது. அப்பணி 2016இல் நிறைவுபெற்றது. ஈனா அதற்கு முன்னரே, 2015இல் காலமாகிவிட்டார்.

5.2 பென்தோட்டை பீச் ஹோட்டல் கூரை

ஈனாவின் ஆக்கங்களுள் மிகவும் அறியப்பட்டது இதுவேயாகும். 1960களின் இறுதியில் பாவா வடிவமைத்த இந்த ஹோட்டலின் வரவேற்பு மண்டபக் கூரையின் உட்புறம் முழுவதும் பளிச்சிடும் வர்ணப் பத்திக் துணிகளால் அமைக்கப்பட்டது.

இதனை இரசிக்கும்போது பின்வருவனவற்றைக் கவனிக்க வேண்டும்.

• பார்வைக் கோணம்: சுவரில் தொங்கும் ஓவியத்துக்கு மேல், கீழ் என்ற திசை உண்டு. கூரையை அண்ணாந்து பார்ப்பவர் எத்திசையிலும் நிற்கலாம். எனவே ஒரே காட்சியாக அன்றி, எப்பக்கத்திலிருந்தும் பொருந்தும் பல அலகுகளாக அமைப்பது பொருத்தமாகும்.
• தூரம்: கூரை கண்ணுக்குத் தொலைவில் உள்ளது. நுணுக்க வேலை அங்கு தெரியாது. பெரிய உருவும் வன்மையான வர்ண முரணும் தேவை.
• லயம்: அலகுகள் திரும்பத் திரும்ப வருவதால் லயம் உண்டாகிறது. வர்ணமும் உருவும் மாறுவதால் சலிப்புத் தோன்றுவதில்லை.
• மரபுத் தொடர்பு: தம்புள்ளைக் குகை விகாரையின் முகட்டில் தீட்டப்பட்ட அலங்காரங்கள், மேலே விரித்த துணி விதானம்போலத் தோற்றமளிப்பவை. அங்கே பாறையில் துணியைப்போலத் தீட்டினார்கள். இங்கே துணியே கூரையாயிற்று.

துணி கல்லைப்போல் நிலைப்பதன்று. வெளிச்சத்தில் நிறம் மங்கும். கடற்கரையின் ஈரக்காற்றில் இழை நலியும். அந்த ஹோட்டல் பெருமளவில் புதுப்பிக்கப்பட்டு 2019இன் இறுதியில் மீண்டும் திறக்கப்பட்டபோது, பத்திக் கூரையும் மீள ஆக்கப்பட்டு இடம்பெற்றது. புடைவைக் கலையைப் பாதுகாப்பது என்பது பழைய துணியைப் பெட்டியில் பூட்டிவைப்பது மாத்திரமன்று. அதை மீண்டும் செய்யத் தெரிந்த கைகளையும் பாதுகாப்பதே ஆகும்.

5.3 ஏனைய ஆக்கங்கள்

1982இல் ஸ்ரீ ஜயவர்தனபுர கோட்டையில் திறந்துவைக்கப்பட்ட புதிய பாராளுமன்றக் கட்டடத்தை வடிவமைத்தவரும் ஜெப்ரி பாவாவே. அங்குள்ள கொடிகள் ஈனாவின் பணியாகும். மரபுக் கொடிகளில் அவருக்கிருந்த ஈடுபாடு இங்கு பயன்பட்டது. பத்திக் மட்டுமன்றி, ஒரு துணியின் மேல் வேறு துணித் துண்டுகளை வெட்டிவைத்துத் தைக்கும் முறையிலும் ஊசிவேலையிலும் அவர் தேர்ந்தவராக விளங்கினார்.

6. அலுவிகாரை நிலையம்

1980களின் தொடக்கத்தில் ஈனா கொழும்பிலிருந்து தமது பூர்வீக ஊரான அலுவிகாரைக்குத் திரும்பினார். அங்கு மாத்தளை மரபுரிமை நிலையத்தை உருவாக்கி, சுற்றுவட்டாரக் கிராமப் பெண்களுக்கு ஊசிவேலையும் பத்திக்கும் பயிற்றுவித்தார். காலப்போக்கில் மரவேலை, பித்தளை வேலை ஆகிய பட்டறைகளும் அங்கு இயங்கின.

இதன் முக்கியத்துவத்தை மூன்று வகையில் நோக்கலாம்.

(அ) பொருளாதாரம்: பெண்கள் தமது ஊரில் இருந்தவாறே உழைக்க வழி பிறந்தது.
(ஆ) கல்வி: நுட்பம் ஒருவரின் கையோடு முடிந்துவிடாமல் அடுத்தவர் கைக்குச் சென்றது.
(இ) தரம்: உல்லாசப் பயணிகளுக்காக மலிவாகவும் அவசரமாகவும் செய்யப்பட்ட பத்திக் பொருட்கள் சந்தையில் பெருகியிருந்த வேளையில், நல்ல வடிவமைப்புக்கும் நேர்த்திக்கும் முதலிடம் கொடுக்கப்பட்டது.

7. சிந்திக்க: இது கலையா, கைப்பணியா?

மாணவர்களே, இவ்வினாவுக்குப் பலர் ‘இரண்டும்தான்’ என்று ஒரு வரியில் விடை எழுதிவிட்டு நகர்ந்துவிடுவர். அது புள்ளி பெறாது. சற்று ஆழமாக நோக்குவோம்.

கைப்பணி என்பது கற்ற நுட்பத்தைத் திருத்தமாகத் திரும்பச் செய்தல். கலை என்பது புதிதாக ஒன்றைக் காணுதல் என்று பொதுவாக வேறுபடுத்துவர். ஆனால் பத்திக்கில் இக்கோடு தெளிவாக விழுவதில்லை. திட்டப்படத்தை வரைந்தவரைக் கலைஞர் என்கிறோம். மெழுகு பூசும் பெண்ணோ மெழுகின் சூட்டைப் புகையைப் பார்த்தே அறிகிறாள். சூடு குறைந்தால் மெழுகு துணியினுள் இறங்காது. கூடினால் கோடு பரந்துவிடும். தூரிகையை எங்கே நிறுத்துவது, எங்கே விரைவாக இழுப்பது என்று ஒவ்வொரு கணமும் அவளே முடிவு செய்கிறாள். அம்முடிவுகள் யாவும் இறுதி ஆக்கத்தில் தெரிகின்றன. ஆயினும் கூரைக்குக் கீழே நிற்பவர் அறிவது ஒரு பெயரை மட்டுமே.

இதனால் ஈனாவின் பெருமை குறையுமா? குறையாது. எந்த உரு, எந்த வர்ணம், எந்த அளவு, எந்த இடம் என்ற தெரிவுகள் அவரும் அவருடைய சக ஓவியர்களும் மேற்கொண்டவை. அதேவேளை, புடைவை ஆக்கம் ஒன்றைப் பற்றி எழுதும்போது ‘இன்னாரின் வடிவமைப்பு, கைவினைஞர் குழுவினால் ஆக்கப்பட்டது’ என எழுதுவதே நியாயமும் உண்மையுமாகும். தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்டியவர் யார் என்று கேட்டால் இராசராச சோழன் என்கிறோம். கல் சுமந்தவர்களையும் உளி பிடித்தவர்களையும் யாரும் கேட்பதில்லை. சித்திரம் பயிலும் நாமாவது கேட்கப் பழகுவோம். உங்கள் அம்மாவோ அம்மம்மாவோ தையலில் போட்ட ஒரு பூவை இன்று வீட்டில் எடுத்துப் பாருங்கள். அதில் எத்தனை முடிவுகள் இருக்கின்றன என்று எண்ணிப் பாருங்கள்.

8. ஒப்பீடு: ஈனா டி சில்வாவும் பார்பரா சன்சோனியும்

இலங்கைப் புடைவைக் கலையில் அடுத்து அறியவேண்டியவர் பார்பரா சன்சோனி (1928 – 2022). இவர் 1960களில் ‘பெயார்புட்’ நிறுவனத்தைத் தொடங்கிக் கைத்தறித் துறைக்குப் புத்துயிர் அளித்தார்.

ஊடகம்: ஈனா – பத்திக், ஊசிவேலை. பார்பரா – கைத்தறி நெசவு.
நிறம் சேரும் நேரம்: ஈனா – நெய்த துணியில் பின்னர் சாயம் ஏற்றப்படும். பார்பரா – நூலுக்கு முதலில் சாயம் ஏற்றிப் பின்னர் நெய்யப்படும்.
வடிவம்: ஈனா – வளைகோடுகள், உருக்கள், மரபு அலங்காரம். பார்பரா – நேர்கோட்டுப் பட்டிகள், கட்டங்கள், வர்ணச் சேர்க்கை.
பொதுமை: இருவரும் துணிவான வர்ணங்களைக் கையாண்டனர், பெண்களுக்குத் தொழில் வழங்கினர்.

வடிவ வேறுபாட்டுக்கான காரணத்தையும் எழுதுங்கள். தறியில் பாவும் ஊடும் செங்கோணத்தில் சந்திப்பதால் நேர்கோடு இயல்பாக வருகிறது. தூரிகையில் உள்ள மெழுகு ஓடுவதால் வளைகோடு இயல்பாக வருகிறது.

9. இரசனைக் குறிப்பு எழுதுவது எப்படி?

வினா: பென்தோட்டை பீச் ஹோட்டலின் பத்திக் கூரை பற்றிச் சுருக்கமாக எழுதுக.

குறைபாடுள்ள விடை: ‘இது மிகவும் அழகான ஆக்கம் ஆகும். வர்ணங்கள் அழகாகப் பயன்படுத்தப்பட்டுள்ளன. கோடுகள் அழகாக உள்ளன. பார்ப்போரை மிகவும் கவர்கின்றது.’

இவ்விடையை எந்த ஆக்கத்துக்கும் எழுதலாம். ஆகவே அது எந்த ஆக்கத்துக்கும் உரிய விடையன்று.

சிறந்த விடை: ‘இது ஈனா டி சில்வாவின் வடிவமைப்பில், கைவினைஞர் குழுவினரால் பருத்தித் துணியில் மெழுகுத் தடை முறையில் ஆக்கப்பட்டது. கூரை தொலைவில் இருப்பதால் பெரிய உருக்களும் வன்மையான வர்ண முரணும் கையாளப்பட்டுள்ளன. அண்ணாந்து பார்ப்பவர் எத்திசையிலும் நிற்கக்கூடுமாதலால் திரும்ப வரும் அலகுகளாகத் துணிகள் ஒழுங்கமைக்கப்பட்டு லயம் பெறப்பட்டுள்ளது. விகாரை முகட்டு ஓவியங்களினதும் துணி விதானத்தினதும் மரபு இங்கு நவீன கட்டடத்துடன் இணைகின்றது.’

இரண்டாவது விடையில் ‘அழகு’ என்ற சொல் ஒரு தடவையேனும் வரவில்லை என்பதைக் கவனியுங்கள். ஊடகம், நுட்பம், ஒழுங்கமைப்பு, மரபு, காரணம் ஆகிய ஐந்தும் இருந்தால் அழகு தானாகவே புலப்படும்.

10. பயிற்சி வினாக்கள்

பகுதி அ – பல்தேர்வு

1. பத்திக் முறையில் மெழுகின் பணி யாது?
(1) நிறத்தைக் கூட்டுதல் (2) சாயம் ஏறாது தடுத்தல் (3) துணியை மென்மையாக்கல் (4) துணியை வெண்மையாக்கல்

2. வெடிப்புக் கோடுகள் கூடுதலாக வேண்டுமாயின் கலவையில் எதன் அளவைக் கூட்ட வேண்டும்?
(1) தேன்மெழுகு (2) கஞ்சி (3) பரபின் மெழுகு (4) சாயம்

3. வெள்ளை, மஞ்சள், செம்மஞ்சள், சிவப்பு, கறுப்பு ஆகிய நிறங்கள் தெரியும் பத்திக் துணியைச் சாயத்தில் எத்தனை தடவை தோய்க்க வேண்டும்?
(1) 3 (2) 4 (3) 5 (4) 6

4. மஞ்சள் ஏறிய துணியை நீலச் சாயத்தில் தோய்த்தால் கிடைக்கும் நிறம்,
(1) நீலம் (2) ஊதா (3) பச்சை (4) செம்மஞ்சள்

5. ஈனா டி சில்வாவின் இல்லத்தை வடிவமைத்தவர்,
(1) லக்கி சேனாநாயக்க (2) ஜெப்ரி பாவா (3) பார்பரா சன்சோனி (4) அனில் ஜயசூரிய

விடைகள்: 1 – (2), 2 – (3), 3 – (2), 4 – (3), 5 – (2)

பகுதி ஆ – குறுவிடை

1. பத்திக்கில் குளிர் நீர்ச் சாயம் பயன்படுத்தப்படுவதற்குக் காரணம் தருக.
விடை: சூடான சாயத்தில் மெழுகு உருகிச் சாயத்தடை நீங்கிவிடும்.

2. இரு கையாக்கப் பத்திக்குகள் அச்சொட்டாக ஒத்திருப்பதில்லை. ஏன்?
விடை: மெழுகு வெடிக்கும் விதத்தை முழுமையாகக் கட்டுப்படுத்த முடியாமையாலும், மெழுகு பூசுதல் கையால் நடைபெறுவதாலும் ஆகும்.

3. அலுவிகாரை நிலையத்தினால் விளைந்த நன்மைகள் இரண்டு தருக.
விடை: கிராமப் பெண்களுக்கு வருமானம் கிடைத்தமை, நுட்பம் அடுத்தவர்களுக்குக் கையளிக்கப்பட்டமை.

பகுதி இ – நீங்களே செய்க

1. ஒரு தாமரைப் பூவை நான்கு நிறங்களில் பத்திக் செய்வதற்கான மெழுகு – சாய ஒழுங்கைப் படிமுறையாக எழுதுக.
2. ‘புடைவைக் கலைஞரின் ஆக்கம் ஒருவருடையது மாத்திரமன்று.’ ஈனா டி சில்வாவின் பணியை ஆதாரமாகக் கொண்டு ஆராய்க.
3. உங்கள் வீட்டிலோ கோயிலிலோ உள்ள புடைவை ஆக்கம் ஒன்றைத் தெரிவுசெய்து, 9ஆம் பகுதியில் கூறிய ஐந்து அம்சங்களும் அமைய இரசனைக் குறிப்பு ஒன்று எழுதுக.

மூன்றாவது பயிற்சியைத் தட்டிக்கழிக்க வேண்டாம். ஈனா டி சில்வா பற்றி இம்முறை வினா வராமலும் போகலாம். ஆனால் ஒரு துணியை நின்று பார்த்து, அது ஏன் இவ்வாறு ஆக்கப்பட்டது என்று கேட்கப் பழகிய கண், எந்த வினாவின் முன்னும் வெறுங்கையுடன் நிற்காது.